மஞ்சள் பையில் இருந்த பெயர்

உட்காருங்கம்மா. வேறு சீட் இல்லை, நானும் கடிக்கிற ஆள் இல்லை. மதுரைக்குத்தானே? நானும் மாட்டுத்தாவணிதான். அந்தப் பையை மேலே வைத்துவிடுங்கள், பிரேக் போட்டால் உருண்டுவிடும்.

பதில் போட்டுவிடுங்கள். உங்கள் போனை நான் பார்க்கவில்லை. பக்கத்தில் வைத்துத் தடவினால் கண்ணில் படத்தானே செய்யும். 'பஸ் ஏறிட்டியா' என்று 'அம்மா புது நம்பர்' மூன்று தடவை கேட்டிருக்கிறார்கள். பெற்றவர்கள் மனசு. போட்டீர்களா? நல்லது. அப்படியே அந்தக் காதில் மாட்டியிருப்பதையும் கழற்றினால் ஒரு உதவி கேட்பேன். அவசரம் இல்லை, பார்த்திபனூர் தாண்டட்டும்.

என் பெயர் முத்திருளப்பன். பரமக்குடியில் யாரை வேண்டுமானாலும் கேளுங்கள். முப்பத்தோரு வருஷம் ஒரு நாளிதழுக்குப் பகுதிநேர நிருபர். எந்த நாளிதழ் என்று சொல்ல மாட்டேன், விலகி வந்த இடத்தைக் குறை சொல்வது நாகரிகம் இல்லை. வாயைத் திறந்தால் இப்படித்தான் செய்தித் தமிழாக வரும். 'சோறு கேக்குறப்பகூட நியூஸ் வாசிக்கிறாரு' என்பாள் என் மனைவி பஞ்சவர்ணம். இப்போது சொந்தமாக பேஸ்புக்கில் ஒரு பக்கம் நடத்துகிறேன். 'வைகைக் கண்.' அறுபத்து மூவாயிரம் பேர் பார்க்கிறார்கள். எங்கள் ஊரில் எங்கே என்ன தப்பு நடந்தாலும் கண் பார்த்துவிடும்.

பஸ் ஸ்டாண்டு வாசலில் ஒரு பழ வண்டி நின்றது. தராசில் ஏமாற்றுகிறான் என்று ஒரு வீடியோ போட்டேன். ஒரே வாரம், ஆள் ஊரைக் காலி செய்துவிட்டான். இப்போது அந்த இடத்தில் தாராளமாக டூவீலர் நிறுத்தலாம். பிறகு ஒரு நர்ஸ், பணி நேரத்தில் மேஜையில் தலைவைத்துத் தூங்குகிறது. போட்டேன். அந்தப் பெண் தொடர்ந்து இரண்டு ஷிப்ட் பார்த்தவளாம், அப்புறம் சொன்னார்கள். உடனே அதையும் போட்டேன். மறைக்கிற பழக்கம் என்னிடம் இல்லை. தூங்கியதை எண்பதாயிரம் பேர் பார்த்தார்கள். விளக்கத்தை இருநூற்றுப் பன்னிரண்டு பேர் பார்த்தார்கள். அது என் குற்றமா? பத்திரிகையிலும் அப்படித்தான். தப்பு முதல் பக்கத்தில் வரும், 'வருந்துகிறோம்' ஏழாம் பக்கத்தில் கோலமாவு விளம்பரத்துக்குக் கீழே வரும். அதற்கென்று ஒரு முறை இருக்கிறது.

சரி, விஷயத்துக்கு வருகிறேன்.

போன மாதம், அக்னி நட்சத்திரம். மதியம் ஒரு மணி. பஸ் ஸ்டாண்டில் டீக்கடை நிழலில் நிற்கிறேன். எதிரே ஜிகர்தண்டா கடை. அங்கே ஒரு பெண், ஒரு பையன். ஒரு ஜிகர்தண்டா வாங்கினார்கள். ஒன்று! இரண்டு ஸ்பூன் வாங்கினார்கள். அவள் ஒரு வாய், அவன் ஒரு வாய். அவன் ஏதோ சொல்கிறான், அவள் சிரிக்கிறாள். சுற்றி நூறு பேர் நிற்கிறார்களே என்ற நினைப்பே இல்லை.

வேறு என்ன செய்தார்களா? ஒன்றும் செய்யவில்லை. அதைத்தான் சொல்கிறேன். பட்டப்பகலில், பொது இடத்தில், ஒன்றுமே செய்யாமல் அவ்வளவு துணிச்சலாக நிற்கிறார்கள்.

எடுத்தேன். ஒரு நிமிஷம் பத்து விநாடி. 'ஒரே டம்ளர், இரண்டு ஸ்பூன்! எங்கே செல்கிறது இளைய தலைமுறை?' என்று தலைப்பு. ஸ்பூனுக்குச் சிவப்பு அம்புக்குறி. ஆனால் பாருங்கள், முகத்தை மறைத்துவிட்டேன். இரண்டு பேர் முகத்துக்கும் வட்டமாகப் புகை மாதிரி போட்டேன். இன்றைக்கு வீடியோ போடுகிற சின்னப் பையன்கள் எவனாவது இதைச் செய்வானா? அறம் என்று ஒன்று இருக்கிறது. நாங்கள் கண்ணுக்குக் கறுப்புப் பட்டை போட்டுப் பழகியவர்கள்.

அவள் கையில் ஒரு பை இருந்தது. மஞ்சள் துணிப் பை. கல்யாணத்தில் தேங்காய், வெற்றிலை பாக்கு போட்டுக் கொடுப்பார்களே, அந்தத் தாம்பூலப் பை. அதை நான் மறைக்கவில்லை. பையை யாரம்மா மறைப்பார்கள்? பைக்கு என்ன மானம் இருக்கிறது?

அது என் மகள் கல்யாணப் பை.

ஆமாம். எனக்கு ஒரே மகள், எழிலரசி. இரண்டு வருஷத்துக்கு முன்னால் கல்யாணம். ஆயிரத்து இருநூறு பை அடித்தோம். பை அச்சடிக்கிற தேவசகாயம் அப்போதே சொன்னான், 'அண்ணே, எழுத்தைச் சின்னதாப் போடுவோம். பெருசா இருந்தா பொம்பளையாளுக வெளிய தூக்க மாட்டாக, உள்பக்கம் திருப்பிக்கிருவாக.' நான் விடுவேனா? 'தலைப்புச் செய்தி அளவுக்குப் போடு. ரோட்டுக்கு அந்தப் பக்கம் நின்று படிக்க வேண்டும்' என்றேன். போட்டான். 'எழிலரசி எம்.எஸ்சி., பி.எட்.' என்று பெரிய எழுத்து. கீழே மாப்பிள்ளை வடிவேல் பெயர், கொஞ்சம் சின்னதாக. அவர் பி.ஈ. மட்டும்தானே. அதற்கும் கீழே கல்யாணத் தேதியும் என் பெயரும் பக்கத்தின் பெயரும். துணியும் நல்ல துணி. இரண்டு வருஷம் ஆகியும் சாயம் போகவில்லை. வீடியோவில் எவ்வளவு பளிச்சென்று தெரிகிறது தெரியுமா?

முதல் ஐந்து மணி நேரம் எனக்கு ஒன்றும் தெரியாது. எண்ணிக்கையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். ஐயாயிரம், பன்னிரண்டாயிரம், முப்பதாயிரம். கமென்ட் படிக்க நேரம் ஏது? ராத்திரிச் சாப்பாட்டுக்கு உட்கார்ந்தேன். பஞ்சவர்ணம் தோசைக் கரண்டியோடு வந்து நின்றாள்.

"அந்தப் பை யாரு கல்யாணப் பைங்க?"

"எந்தப் பை?"

"ஊரே படிச்சிருச்சு. எழுதி அடிச்ச ஆளு மட்டும் படிக்கல."

திறந்து பார்க்கிறேன். முதல் கமென்ட்டே ஒருவன், 'பையைப் பெருசாக்கிப் பாருங்க, பேரு இருக்கு' என்று போட்டிருக்கிறான். அடுத்தவன், 'எழிலரசி எம்.எஸ்சி., பி.எட்.! டீச்சராம்டா!' இன்னொருவன் கல்யாணத் தேதியைப் படித்துவிட்டான். 'ரெண்டு வருசம்தான் ஆச்சு, புருசன் பேரு வடிவேல், பக்கத்துல நிக்கிறது வடிவேல் இல்ல.' அது வடிவேல் இல்லை என்று இவனுக்கு எப்படித் தெரியும்? முகத்தைத்தான் நான் மறைத்துவிட்டேனே!

ஏம்மா, நீங்களே சொல்லுங்கள். தமிழ்நாட்டில் தாம்பூலப் பை இல்லாத வீடு உண்டா? அந்தக் கமென்ட் போட்ட ஒவ்வொருவன் வீட்டு அடுப்படியிலும் ஆணியில் பத்துப் பை தொங்கும். பத்திலும் ஊரான் வீட்டுப் பெண்ணின் பெயர் இருக்கும். அவன் அம்மா அதில்தான் கத்திரிக்காய் வாங்கி வருவாள். பையில் இருக்கிற பெயர்தான் பையைத் தூக்குகிறவள் பெயர் என்றால், அவன் அம்மாவுக்கு இதுவரை நாற்பது கல்யாணம் ஆகியிருக்க வேண்டும். ஒருவன் யோசிக்கவில்லை. ஒரு படத்தைப் பார்த்ததும் முன்பின் விசாரிக்காமல் ஒரு பெண்ணைப் பற்றி இப்படியா எழுதுவது? எவ்வளவு கீழ்த்தரமான புத்தி!

ஏன் அப்படிப் பார்க்கிறீர்கள்? வெயில் படுகிறதா? ஜன்னலை இழுத்துவிடுகிறேன்.

உடனே வீடியோவை எடுத்துவிட்டேன். எடுத்து என்ன? அதற்குள் பதினோரு பக்கத்தில் போட்டுவிட்டார்கள். என்னைக் கேட்காமல், என் வீடியோவை! என் பக்கத்தின் பெயரைக்கூட அழித்துவிட்டார்கள். திருட்டு. அப்புறம் இந்தக் கல்லூரிப் பையன்கள், பெண்கள். மஞ்சள் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு, இரண்டு ஸ்பூனை வைத்துக்கொண்டு ஆடுகிறார்கள். அதற்கு ஒரு பாட்டு. 'மஞ்சப்பை மிஸ்' என்று அதற்கு ஒரு பெயர். உங்களுக்கும் வந்திருக்குமே? வந்ததா? பாருங்கள். எங்கே செல்கிறது இளைய தலைமுறை என்று கேட்டேன் அல்லவா, அப்போதுதான் தெரிந்தது. நேராக என் சம்பந்தி வீட்டுக்குப் போயிருக்கிறது. அவர்கள் குடும்ப வாட்ஸ்அப் குழுவில் கொழும்பில் இருக்கிற ஒரு சித்தப்பா, 'இது நம்ம வீட்டுப் பிள்ளைதானா, உறுதி செய்யவும்' என்று போட்டிருக்கிறார்.

மறுநாள் விளக்கம் எழுதினேன். 'வீடியோவில் இருப்பவர் என் மகள் அல்லர்' என்று. அதற்குக் கீழே ஒருவன், 'அப்பாவே சொல்லிட்டாரு, நம்புங்கடா' என்று எழுதிப் பல்லைக் காட்டுகிற பொம்மை வைத்திருக்கிறான். எத்தனை பேர் பார்த்தார்கள் என்று கேட்காதீர்கள். நர்ஸ் விளக்கத்தைவிடக் குறைவு.

அதோடு விட்டார்களா? கல்யாணத்தில் நான் கண் கலங்கி நின்ற போட்டோவை எங்கிருந்தோ எடுத்து, கையில் இரண்டு ஸ்பூனை ஒட்டிவிட்டார்கள். என் படத்தை, என்னிடம் கேட்காமல்! ஒரு மனிதன் அழுவது அவனுடைய சொந்த விஷயம் இல்லையா? ராமநாதபுரம் சைபர் கிரைமுக்கே போய்விட்டேன். ஒரு பெண் எஸ்.ஐ. இருந்தது. பொறுமையான பெண்.

"புகார் யார் மேலங்கய்யா?"

"போட்டவன் மேலம்மா."

"முதல்ல யாரு போட்டது?"

"அது வேறம்மா. அது சமூக அக்கறை."

அந்தப் பெண் என் போனை வாங்கி, கீழே, கீழே என்று தள்ளிக்கொண்டே போனது. "முதல்ல போட்டது நீங்கதான்யா. உங்க பேரை எழுதிக்கவா?" என்று கேட்டது. நான் தண்ணீர் குடித்துவிட்டு வருகிறேன் என்று சொல்லி வந்துவிட்டேன். ஜனங்களுக்கு நீதி கிடைக்காததற்கு இதெல்லாம்தான் காரணம்.

சரி, இப்போது நான் ஏன் மதுரைக்குப் போகிறேன்? எழில் திருநகரில் ஒரு தனியார் பள்ளியில் எட்டாம் வகுப்புக்குக் கணக்கு எடுக்கிறாள். பள்ளி திறந்த முதல் நாள் வகுப்புக்குள் போனால் கரும்பலகையில் இரண்டு ஸ்பூன் வரைந்து வைத்திருக்கிறார்கள். துடைத்துவிட்டுப் பாடத்தை ஆரம்பித்திருக்கிறாள். மறுநாளும் ஸ்பூன். மூன்றாம் நாள் தலைமையாசிரியை கூப்பிட்டு, 'கொஞ்ச நாள் லீவுல இரும்மா, பேரண்ட்ஸ் ஒரு மாதிரிப் பேசுறாங்க' என்று சொல்லிவிட்டார். நாளைக்குக் காலை பத்து மணிக்கு நிர்வாகக் கூட்டம், அதற்குத்தான் போகிறேன். வைத்துக்கொள்வதா, அனுப்பிவிடுவதா என்று நாளைக்குத்தான் முடிவு. புரிகிறதா? அவள் ஆசைப்பட்டுப் படித்து வாங்கிய வேலை அது.

மாப்பிள்ளை தங்கமானவர். 'மாமா, அன்னைக்கு மத்தியானம் அவ வீட்டுல எனக்கு ரசம் வச்சுக்கிட்டு இருந்தா. எனக்குத் தெரியும். ஆனா ஸ்கூல்ல போய் ரசத்தையா சாட்சி சொல்லச் சொல்ல முடியும்?' என்கிறார். நியாயம்தானே. அதனால்தான் நான் ஒரு முடிவுக்கு வந்தேன். என்னிடம் ஒரிஜினல் இருக்கிறது. முகம் மறைக்காதது. அதைப் போட்டுவிட்டால் முடிந்தது. அவள் வேறு, எழில் வேறு என்று உலகத்துக்கே தெரிந்துவிடும்.

இதைச் சொல்லத்தான் எழிலுக்கு போன் போட்டேன். நன்றி சொல்வாள் என்று நினைத்தேன்.

"அந்தப் புள்ள மூஞ்சியப் போடப் போறீங்களா?" என்றாள்.

"உனக்காகத்தாம்மா."

"அவ என்னப்பா செஞ்சா? ஒருத்தனோட நின்னு ஜிகர்தண்டா குடிச்சா. நான் குடிச்சதா நெனச்சுட்டுப் போறாங்க. நீங்க சும்மா இருங்க."

"உன் வேலை போயிடும்மா."

"என் வேலைய நான் பாத்துக்கிறேன். அந்தப் பை அவ கையில இருக்குன்னா, என் கல்யாணத்துக்கு வந்து சாப்பிட்டுப் போன வீட்டுப் புள்ளைப்பா அது. அவ மூஞ்சி வெளிய வந்துச்சு, அப்புறம் எனக்கு போன் பண்ணாதீங்க."

வைத்துவிட்டாள். பன்னிரண்டு நாள் ஆகிறது. நான் கூப்பிட்டால் எடுப்பதில்லை. பெருந்தன்மை. என் ரத்தம் அல்லவா, அப்படித்தான் இருக்கும். ஆனால் பிள்ளைகள் பெருந்தன்மையாக இருந்தால் பெற்றவர்கள்தானே காரியத்தைப் பார்க்க வேண்டும்?

அந்தப் பெண் யாரென்று எனக்குத் தெரியாது. யார் வீட்டுப் பெண்ணோ. ஆயிரத்து இருநூறு பை. போட்டால் தானாகத் தெரிந்துவிடப் போகிறது.

என்ன கேட்டீர்கள்? சத்தமாகச் சொல்லுங்கள், ஹாரன் அடிக்கிறான். அந்தப் பெண் என்ன ஆவாள் என்றா? ஒன்றும் ஆகாதும்மா. பதினைந்து நாள் பேசுவார்கள். அப்புறம் வேறு ஒன்று வரும், இதை மறந்துவிடுவார்கள். நான் இந்தத் தொழிலிலேயே இருக்கிறேன், எனக்குத் தெரியாதா? எழிலையும் அதே மாதிரி பதினைந்து நாளில் மறந்துவிட மாட்டார்களா என்கிறீர்களா? அது எப்படியம்மா? எழில் என் மகள்.

இதோ, மானாமதுரை வந்துவிட்டது. நான் கேட்க நினைத்த உதவி இதுதான். இடது கண்ணில் புரை எடுத்து இருபது நாள்தான் ஆகிறது. சின்ன எழுத்து நெளிகிறது. இந்தப் பேஸ்புக்கில் வேறு போன வாரம் பொத்தானை எல்லாம் இடம் மாற்றிவிட்டார்கள். ஊர்ப் பையன்களிடம் கொடுத்தால் பார்த்துவிட்டு வெளியே சொல்லிவிடுவார்கள். நீங்கள் யாரோ, நான் யாரோ. பார்த்தால் பொறுப்பான பெண்ணாக இருக்கிறீர்கள். இந்தாருங்கள் போன். ரகசிய எண் ஒன்று ஒன்பது ஒன்பது ஏழு, எழில் பிறந்த வருஷம். ஆமாம், சத்தமாகத்தான் சொல்கிறேன், இந்த பஸ்ஸில் யார் கேட்கப் போகிறார்கள்? கேலரியில் 'மறைக்காதது' என்று ஒரு போல்டர் இருக்கும். ஒரே ஒரு வீடியோதான் இருக்கும். தலைப்பு 'இதோ உண்மை முகம்.' ஆச்சரியக்குறி மூன்று போடுங்கள். ஒன்று போட்டால் யாரும் நிற்க மாட்டார்கள்.

இருக்கிறதா? பார்த்துவிட்டீர்களா? சின்னப் பெண்தான், பத்தொன்பது இருபது இருக்கும். சிரிக்கும்போது வாயைக் கையால் மூடுகிறாளே, அதைக் கொஞ்சம் வெட்ட முடியுமா? முகம் சரியாகத் தெரியாது.

பரவாயில்லை, அவசரம் இல்லை. நீங்கள் பாருங்கள். நான் வெளியே பார்க்கிறேன். வைகையில் சொட்டுத் தண்ணீர் இல்லை.

என்னம்மா, நிறைய டைப் அடிக்கிற மாதிரி இருக்கிறதே? மூன்று வார்த்தைதானே தலைப்பு? பாஸ்வேர்டு கேட்கிறதா? அதுவும் எழில் பிறந்த வருஷம்தான்.

ஆச்சா? போட்டாச்சா? நல்ல பிள்ளை நீங்கள். உங்களைப் பெற்றவர்கள் கொடுத்துவைத்தவர்கள். கொடுங்கள், பார்க்கிறேன். கண்ணாடி எங்கே... இதோ.

வீடியோ இல்லையே. எழுத்துதான் இருக்கிறது. டவர் இல்லையோ? இருங்கள், படிக்கிறேன்.

'இந்தப் பக்கத்தில் ஒரு பெண்ணை அவருக்குத் தெரியாமல் படம் எடுத்துப் போட்டேன். அவர் எந்தத் தவறும் செய்யவில்லை. அவர் யார் என்று யாரும் தேட வேண்டாம். அவர் கையில் இருந்தது என் மகளின் கல்யாணத்தில் நான் எல்லோருக்கும் கொடுத்த பை. அதைப் பார்த்து என் மகளையும் அவமானப்படுத்தினார்கள். அவள் அங்கே இல்லவே இல்லை. ஒரிஜினல் படத்தை அழித்துவிட்டேன். இரண்டு பெண்களிடமும் மன்னிப்புக் கேட்கிறேன். முத்திருளப்பன்.'

என்னம்மா இது?

இது நான் எழுதியது இல்லையே! அழித்துவிட்டீர்களா? குப்பைத்தொட்டியிலிருந்துமா? என் போனில், என் பெயரில், என்னைக் கேட்காமல்! ஒருவர் பெயரை அவர் அனுமதி இல்லாமல் ஊர் பார்க்கிற இடத்தில் போடுவது எவ்வளவு பெரிய அத்துமீறல் தெரியுமா? படித்த பெண்தானே நீங்கள்? நம்பித்தானே கொடுத்தேன்? கண்டக்டரைக் கூப்பிடுவேன். வண்டியை ஸ்டேஷனுக்கு விடச் சொல்வேன். எஸ்.ஐ.யிடம் போய்...

எஸ்.ஐ.யிடம் வேண்டாம். இப்போதே இதை எடுத்துவிடுகிறேன். எங்கே அந்த மூன்று புள்ளி? பொத்தானை எல்லாம் மாற்றித் தொலைத்திருக்கிறார்கள். எழுந்திருக்காதீர்கள், உட்காருங்கள், எடுத்துக் கொடுத்துவிட்டுப் போங்கள்.

நூற்று நாற்பது பேரா? அதற்குள்ளேயா?

இருநூற்று அறுபது. பகிர்ந்திருக்கிறார்கள். 'பெரிய மனசுண்ணே.' யாரது? பை அடித்த தேவசகாயம். 'இதுதான் உண்மையான பத்திரிகையாளர்.' இது வேறு ஒருவன், இவன்தானம்மா என் கையில் ஸ்பூனை ஒட்டியவன்! நானூறு. 'ஐயா அழ வைத்துவிட்டீர்கள்.' மாப்பிள்ளை வேறு கைகூப்பியிருக்கிறார். தலைப்பே இல்லாமல் நானூற்றுப் பத்து...

திருப்புவனமா? இங்கேயா இறங்குகிறீர்கள்? மாட்டுத்தாவணி என்றீர்களே. சரி, இருங்கள், ஒரு நிமிஷம், போன் அடிக்கிறது.

எழில்.

எழில்தாம்மா கூப்பிடுகிறாள். எடுக்கட்டுமா? என்ன சொல்லட்டும்?

ஹலோ. ஆமாம்மா, அப்பாதான். பஸ்ஸில் வந்துகொண்டிருக்கிறேன். ஏம்மா, அழுகிறாயா? அழாதே. ஸ்கூலுக்கு அனுப்பிவிட்டாயா? அனுப்பு, அனுப்பு, அச்செடுத்தே கொடு. ஆமாம். அழித்துவிட்டேன். குப்பைத்தொட்டியிலிருந்தும்தான். அதெல்லாம் எனக்குத் தெரியாதா? யாரும் சொல்லித் தரவில்லைம்மா. நான்தான் எழுதினேன். மானாமதுரை தாண்டியதும் மனசுக்குப் பட்டது, உடனே எழுதிவிட்டேன். முப்பத்தோரு வருஷ எழுத்து, எங்கே போகும்? நன்றாக இருக்கிறதா? எனக்கும் திருப்திதான். அந்தக் கடைசி வரியில் 'மன்னிப்பு' என்று இருக்கிறதே, அதை மட்டும் 'வருத்தம்' என்று மாற்றிவிடலாமா என்று யோசிக்கிறேன்.